ஐந்தாவது போன்

என் மேசையில் ஏழு போன்கள். ஒவ்வொன்றிலும் ஒரு கம்பெனியின் பெயர் ஒட்டியிருக்கும். ஏழுமே இல்லாத கம்பெனிகள். ஆபாசப் படங்களில் நடித்த பெண்கள் வேறு வேலை தேடும்போது, இத்தனை வருஷம் எங்கே இருந்தாய் என்று கேட்பார்களே, அதற்குப் பதில் சொல்லத்தான் இகெபுகுரோ வட்டாரத்தில் இந்த அலுவலகம். நானும் நடித்தவள்தான். பொய் சொல்லிப் பிழைப்பதில் எனக்கு வெட்கமில்லை. உண்மையைச் சொன்னவளுக்கு யார் வேலை கொடுத்தார்கள்?

அன்று காலை ஐந்தாவது போன் அடித்தது. அது சினாட்ஸுவுக்காக ஓர் அச்சகத்தின் பெயர் ஒட்டி வைத்திருந்த போன். என்னோடு நடித்தவள், பிறகு படித்து மழலையர் காப்பக ஆசிரியை ஆவதற்கான தேர்வில் தேறியவள். இரண்டு இடங்களில் கைவிரித்துவிட்டார்கள். இதுவும் போனால் சான்றிதழைக் கொளுத்திவிடுவேன் என்று சொல்லியிருந்தாள்.

பேசியவர் காப்பகத் தலைவர் கஷிவாடா. எங்கள் அச்சகத்தில் அவள் ஆறு வருஷம் இருந்தாளா, அடிக்கடி லீவு போடுவாளா என்று விசாரித்தார். இதற்கென்று எழுதிவைத்த தாளைப் பார்த்துப் பார்த்துச் சொன்னேன். கடைசியில், ஆள் பழக எப்படி என்றார். அது தாளில் இல்லை.

"ரிரிகா மாதிரி பொறுமைசாலிய நான் பார்த்ததே இல்லீங்க."

வாய் தவறிவிட்டது. படத் தொழிலில் யாரும் நிஜப் பெயரில் கூப்பிடுவதில்லை. ஆறு வருஷமும் எனக்கு அவள் ரிரிகாதான்.

ஆபீஸில் வைத்த செல்லப் பெயர் என்று சமாளிக்க வாயெடுத்தேன்.

"ரிரிகான்னா... ஷிராமினே ரிரிகாவா?" என்றார், மெல்ல.

ஒரு நொடி கழித்துத்தான் உறைத்தது, அது படங்களில் அவளுக்கிருந்த முழுப் பெயர்.

"ஷிராமினேன்னு நான் சொல்லவே இல்லீங்களே. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

போனை வைத்துவிட்டார்.

நான்கு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அவரும் அந்தப் படங்களைப் பார்த்தவர் என்று வெளியே தெரிந்தால் அவர் பெயரும் கெடும், அந்தப் பயத்திலாவது வேலை கொடுப்பார் என்று நப்பாசை. வெள்ளிக்கிழமை சினாட்ஸுவுக்குக் கடிதம் வந்தது. தாங்கள் மேன்மேலும் சிறக்கப் பிரார்த்திக்கிறோம் என்று எழுதியிருந்தார்கள். வேலை இல்லை என்பதை இங்கே இப்படித்தான் எழுதுவார்கள்.

நடந்ததை ஒன்றுவிடாமல் அவளிடம் சொன்னேன். திட்டுவாள் என்று காத்திருந்தேன்.

"இன்டர்வியூல அந்தத் தலைவரு, உங்கள எங்கயோ பார்த்த மாதிரி இருக்கேன்னாருடி," என்றாள். "நல்ல சகுனம்னு நெனச்சேன்."

கஷிவாடா இன்றும் தினமும் காலையில் காப்பக வாசலில் நின்று குழந்தைகளை வரவேற்கிறார். தாய்மார்கள் அவருக்குக் குனிந்து வணக்கம் சொல்லிவிட்டுப் போகிறார்கள்.