வியன்னா மெலடீஸுக்கு ஒரு சந்தன மாலை

தர்மபுரி மாவட்டத்தில் மதுரைக்காரர்கள் அதிகம். கோவைக்காரர்களும் உண்டு. பாலக்கோட்டில் மட்டும் மும்பைக்காரர்கள் இரண்டு குழுவாக இருக்கிறார்கள். ஒருவருக்கொருவர் பேச்சுவார்த்தை கிடையாது. திருவிழாக் காலத்தில் தொப்பூர் மலைப்பாதைக்குக் கீழே ஒரு டீக்கடை வாசலில் இப்படி ஊர்ப் பெயர் வைத்துக்கொண்ட மெல்லிசைக் குழுக்களின் வேன்கள் வரிசையாக நிற்கும். 'மதுரை' வேனிலிருந்து இறங்கியவர், 'மும்பை' வேன்காரரிடம் பென்னாகரத்தில் மழை உண்டா என்று விசாரிப்பார். எல்லாரும் இந்த மாவட்டத்து ரேஷன் கடைகளில் அரிசி வாங்குகிறவர்கள்தான். நிஜமாகவே மதுரையிலிருந்து ஒரு குழு ஒருமுறை இந்தப் பக்கம் வந்தது. அவர்கள் வேனில் 'சென்னை' என்று எழுதியிருந்தது.

மாதவராஜ் கம்பைநல்லூர்க்காரர். கடைவீதியில் மொபைல் ரீசார்ஜும் மிக்ஸி ரிப்பேரும் சேர்ந்த கடை வைத்திருக்கிறார். கீபோர்டு வாசிப்பார். நன்றாகவே வாசிப்பார், அதுதான் சிக்கல். சுமாராக வாசிக்கிறவராக இருந்திருந்தால், சொந்த ஊர் மாரியம்மன் திருவிழா மேடைக்குத் தன்னை ஏன் கூப்பிடுவதில்லை என்ற கேள்வியே அவருக்கு வந்திருக்காது. வந்துவிட்டது. வருஷா வருஷம் ஆடி மாதம் வந்தது.

திருவிழாக் கமிட்டி அவரை மறந்துவிட்டது என்று சொல்ல முடியாது. வெளியூர்க் கலைஞர்கள் வந்தால் ஏரிக்கரை எல்லையில் மேளம் வைத்து வரவேற்று, சந்தன மாலை போட்டு ஊருக்குள் நடத்தி வருவது கம்பைநல்லூர் வழக்கம். கலைஞருக்குக் கலைஞர்தான் மாலை போட வேண்டும். ஊரில் இருக்கிற ஒரே கலைஞர் மாதவராஜ். எனவே மதுரை, கோவை, மும்பை என்று இந்தியாவின் சகல நகரங்களுக்கும் மாலை போட்டு அவர் கை பழகியிருந்தது. போட்ட கழுத்துகளில் பாதி அவருக்குத் தெரிந்த கழுத்துகள். அவர்களும் கண்டுகொள்ள மாட்டார்கள். தொழில் நாகரிகம் என்று ஒன்று இருக்கிறதல்லவா.

ஆரம்பத்தில் அவருடைய குழுவின் பெயர் 'கம்பைநல்லூர் இன்னிசைக் குழு'. காதுகுத்துக்குக்கூட யாரும் கூப்பிடவில்லை. தர்மபுரியில் நிகழ்ச்சி பிடித்துத் தரும் ஏஜெண்ட் அப்துல் சுபான்தான் விஷயத்தை விளக்கினார்.

"மாதவராஜு, கச்சேரி கேக்கறவன் உன் ஊரை டவுன் பஸ்ல பாத்திருக்கக் கூடாது. அவ்ளோதான் சங்கீதம்."

'சேலம் மெலடீஸ்' என்று மாற்றினார்கள். சேலத்துக்கு எல்லாரும் ஆஸ்பத்திரிக்குப் போய் வருகிறார்கள். 'பெங்களூர் மெலடீஸ்' ஆனது. பாலக்கோட்டில் தக்காளி லாரிக்காரர் ஒருவர் மேடைக்கே ஏறி வந்து, பெங்களூரில் எந்த ஏரியா என்று கேட்டார். டிரம்ஸ் வாசிக்கும் சோஹைல் அவசரத்தில் "பஸ் ஸ்டாண்டுங்க" என்று சொல்லிவிட்டான். 'மலேசியா'வும் நிற்கவில்லை, ஊருக்கு ஒருவருக்காவது அங்கே மச்சான் இருந்தான். கடைசியில் சோஹைல் போனில் தேடி 'வியன்னா'வைக் கண்டுபிடித்தான்.

"அங்க பூரா மியூசிக்காம்ணா. ரோட்டுல போறவன்கூட ஃபிடில் வெச்சிருப்பானாம்."

"நம்ம ஆளுங்க யாராச்சும் அங்க இருக்காங்களா?"

"தர்மபுரி, கிருஷ்ணகிரி ரெண்டுலயும் விசாரிச்சுட்டேன். ஒருத்தரும் இல்ல."

அன்றிலிருந்து 'வியன்னா மெலடீஸ்'. பாடகி பானுமதி பாலக்கோடு தக்காளி மண்டியில் கணக்கு எழுதுகிறவர். அவருக்கு வியன்னா எந்தத் திசை என்று தெரியாது. ஆனால் புக்கிங் வந்தது. மாதவராஜ் ஊரில் யாரிடமும் சொல்லவில்லை. கடையைப் பூட்டிவிட்டுப் போகும்போது "சவுண்ட் சர்வீஸ் வேலைங்க" என்பார். சொன்னால் பெயர் கெட்டுவிடும். வியன்னாவின் பெயர்.

இந்த வருஷம் கம்பைநல்லூர்க் கமிட்டித் தலைவர் மாதையனுக்கு ஒரு மானப் பிரச்சினை வந்தது. அவர் உரக்கடைக்காரர். பக்கத்து ஊர்த் திருவிழாவுக்கு 'துபாய்' குழு வந்துபோய்விட்டது. அவர் நேராக அப்துல் சுபானின் ஆபீசுக்குப் போனார்.

"பாய், துபாயைத் தாண்டி என்னா இருக்குது?"

"வியன்னா இருக்குதுங்க."

"அது துபாய்க்கு அந்தாண்டயா?"

"ரொம்ப அந்தாண்டங்க."

"புக் பண்ணுங்க."

வாரம் முடிவதற்குள் கடைவீதியில் ஃபிளெக்ஸ் ஏறியது. ஒரு மூலையில் ஏதோ ஒரு வெளிநாட்டு மாதா கோயில். மீதி இடத்தில் மாதையன் கும்பிட்டுக்கொண்டிருந்தார். புக்கிங் ஆன அன்றைக்கே சுபான் மாதவராஜுக்குப் போன் செய்திருந்தார்.

"ஆடியில ஒரு தேதி இருக்குது. ஊர் பேரைச் சொன்னா நீ போனைக் கீழ போட்டுறக் கூடாது."

மாதவராஜ் போடவில்லை. ஊரைக் கேட்டு, தேதியைக் கேட்டு, மேடை எந்தப் பக்கம் பார்த்துப் போடுகிறார்கள் என்றும் கேட்டார். மேடை போடும் இடம் அவர் கடையிலிருந்து எட்டிப் பார்த்தால் தெரியும். அன்றிலிருந்து ரிப்பேருக்கு வந்த மிக்ஸிகள் பிரிக்கப்படாமலே கிடந்தன. கடைக்குள்ளே ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு பயிற்சி செய்தார். திட்டம் எளிமையானது. கோட்டும் கறுப்புக் கண்ணாடியும் போட்டு வியன்னா மெலடீஸின் தலைவராக மாலையோடு மேடையேறுவது, கீபோர்டில் உட்காருவது, முதல் பாட்டு முடிந்ததும் மைக்கை வாங்கி "நான் உங்க மாதவராஜுங்க" என்பது. அதற்குமேல் ஊர் பார்த்துக்கொள்ளும்.

திருவிழாவுக்கு முந்தின நாள் மாதையன், மாதவராஜின் கடைக்கு வந்தார். கையில் ஒரு மிக்ஸி ஜார்.

"இது சுத்த மாட்டேங்குது, பாரு. அப்பறம், நாளைக்கு சாயங்காலம் ஏரிக்கரைக்கு வந்துரு. வியன்னாவுக்கு மாலை போடணும்."

மாதவராஜ் இதை யோசிக்கவே இல்லை. எத்தனையோ தடவை செய்த வேலையை அவர் எப்படி மறந்தார் என்பது தெரியவில்லை. மாலை வாங்கும் கழுத்தைப் பற்றியே நினைத்துக்கொண்டிருந்தவருக்குப் போடும் கை நினைவுக்கு வரவில்லை போலிருக்கிறது.

"எனக்கு ஜுரங்க தலைவரே."

"மாலை போட எதுக்கு உடம்பு? போட்டுட்டு வூட்டுக்குப் போய்ப் படுத்துக்க."

"வேற யாராச்சும்…"

"வேற யாரு? ஊருக்கு நீ ஒருத்தன்தான கலைஞன்?"

அந்த ஊரில் அந்த வார்த்தையை அதுவரை யாரும் அவர் முகத்துக்கு நேரே சொன்னதில்லை. இப்போது சொல்லி, அதாலேயே கட்டியும் போட்டார்கள். உண்மையைச் சொல்லிவிடலாம் என்றால், ஃபிளெக்ஸில் கும்பிடும் மாதையனை யார் இறக்குவது? கச்சேரி நின்றுவிடும், அந்த மேடை என்றைக்கும் கிடைக்காது. மாதவராஜ் சோஹைலுக்குப் போன் போட்டார்.

"தம்பி, நாளைக்கு வியன்னாவுக்கு நீதான் தலைவர்."

"அய்யோ, நீங்கண்ணா?"

"நான் மாலை போடறவன். அப்பறம் எப்பிடியாவது என்னை மேடைக்கு ஏத்திரு. எப்பிடின்னு நீயே யோசி."

ஏரிக்கரையில் மறுநாள் மேளம் முழங்க வேன் வந்து நின்றது. சோஹைல் கோட்டும் கறுப்புக் கண்ணாடியுமாக இறங்கினான். ஆடிக் காற்று அந்தக் கோட்டைப் பிடித்து இழுத்தது. ஆரத்தி எடுத்தார்கள். மாதவராஜ் முன்னே வந்து, தன் டிரம்ஸ்காரன் கழுத்தில் சந்தன மாலையைப் போட்டார்.

"ணா, கழுத்துல குத்துது" என்றான் சோஹைல் உதடு அசையாமல்.

"சும்மா நில்லுடா, வியன்னா."

மாதையன் விருந்தாளியின் கையைப் பிடித்து விடாமல் குலுக்கினார். "சார், வெல்கம். பயணமெல்லாம் எப்பிடி?"

"தொப்பூர்ல கொஞ்சம் டிராஃபிக்குங்க."

"தமிழ் எவ்ளோ சுத்தமா பேசறாரு பாத்தீங்களா!" என்று மாதையன் கமிட்டியைத் திரும்பிப் பார்த்தார். கமிட்டி வியந்தது.

கல்யாண மண்டபத்தில் சாப்பாடு. உள்ளூர்க்காரர்களுக்குக் கறிக்குழம்பும் களியும் பரிமாறினார்கள். வியன்னாக்காரர்களுக்கு அது ஒத்துக்கொள்ளாது என்று தனியாக மேஜை போட்டு பிரெட்டும் ஜாமும் வைத்திருந்தார்கள். காலையில் மண்டியில் ஒரு டீயோடு கிளம்பி வந்த பானுமதி, எதிர்ப் பந்தியில் மாதவராஜின் இலையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கை கழுவுகிற இடத்தில் அவர் மாதவராஜைப் பிடித்தார். "ஏண்ணா, இந்த வியன்னாக்காரங்க கறி திங்க மாட்டாங்களா?"

"எனக்கென்னா தெரியும்? நான் போயிருக்கேனா?"

"அடுத்த தடவை களி திங்கற ஊராப் பாத்துப் பேரு வைங்க."

கச்சேரி தொடங்கியது. மேடையில் கீபோர்டு தனியாக நின்றது. சோஹைல் மைக்கைப் பிடித்தான்.

"அன்பான கம்பைநல்லூர் மக்களே, ஒரு சின்ன வருத்தம். எங்க கீபோர்டு ஆர்ட்டிஸ்டுக்கு ஃப்ளைட்டுல காது அடைச்சிருச்சு. இன்னும் தெறக்கல. உங்க ஊர்ல யாராச்சும் கீபோர்டு வாசிக்கிறவங்க இருக்காங்களா?"

கூட்டம் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டது. மாதவராஜ் மேடைக்குக் கீழே, படிக்குப் பக்கத்திலேயே நின்றிருந்தார். முடிந்தவரை தற்செயலாக நின்றிருந்தார்.

"மாலை போட்டாரே, அவரு வாசிப்பாராமே?" என்றான் சோஹைல்.

மாதையன் பதறிப்போய் மேடையேறி அவன் காதோடு பேசினார். மைக் பக்கத்திலேயே இருந்ததால் ஊரே கேட்டது. "சார், அவன் லோக்கல் சார். மிக்ஸி ரிப்பேர் பண்றவன். உங்க பேரைக் கெடுத்துருவான்."

"பரவால்லீங்க. நாங்க பாத்துக்கறோம்."

"உங்களுக்குப் பெரிய மனசு சார்."

மாதவராஜ் ஏறி உட்கார்ந்தார். வாசித்தார். கடைக்குள் ஹெட்ஃபோனில் வாசித்ததெல்லாம் இப்போது ஏரிக்கரை வரை போனது. ஒரு பழைய பாட்டின் நடுவில் பானுமதி நிறுத்திக்கொள்ள, அவர் மட்டும் தனியாக நீண்ட நேரம் வாசித்தார். பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை விட்டார்கள். பஞ்சு மிட்டாய்க்காரர் மணி அடிப்பதை மறந்தார். அவர் வாசித்து முடித்தார். அப்புறம் விசில் பறந்தது.

முன்வரிசையில் ஒருவர் பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னார்: "பாத்தியா, நல்ல ஆளுங்களோட சேந்தா மாதவராஜே எப்பிடி வாசிக்கறான்!"

கடைசியில் பானுமதி குழுவினரை அறிமுகம் செய்தார். பெயர்களை வேகமாகச் சொல்லி வந்தவர், கீபோர்டு வந்ததும் நிறுத்தி, நிதானமாகச் சொன்னார்: "கீபோர்டு, கம்பைநல்லூர் மாதவராஜ்." கைத்தட்டல் மற்ற எல்லாருக்கும் கிடைத்ததைவிட அதிகம். மாதவராஜ் எழுந்து கும்பிட்டார். மைக் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தது. "இது என் குழுங்க" என்று சொல்ல வேண்டிய இடம் அதுதான். அவர் வாயைத் திறந்தார். எதிரே மாதையன் பொன்னாடையை விரித்தபடி, கண் கலங்க, வியன்னாவை நோக்கி வந்துகொண்டிருந்தார். மாதவராஜ் வாயை மூடிக்கொண்டு, அவர் ஏறுவதற்குக் கை கொடுத்தார்.

பொன்னாடை சோஹைலுக்குப் போனது. மாதவராஜின் தோளை மாதையன் தட்டிக்கொடுத்தார்.

மறுநாள் காலை மாதையன் மறுபடி கடைக்கு வந்தார். வந்ததும் ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார்.

"நேத்து பேரைக் காப்பாத்திட்ட. கமிட்டியில பேசினோம். அடுத்த வருஷம் உன்னையே கூப்பிடலாம்னு எல்லாரும் சொல்றாங்க."

மாதவராஜ் ஸ்க்ரூ டிரைவரைக் கீழே வைத்தார்.

"ஆனா ஒரு தடங்கல் இருக்குது. நீ இங்கயே இருக்கிற. இங்கயே இருக்கறவனை எப்பிடிப்பா கூப்பிடறது? கூப்பிட்டா எங்கிருந்தாவது வரணுமில்ல? அதனால ஒண்ணு பண்ணு. பேசாம அந்த வியன்னாக்காரங்களோட சேந்து போயிரு. அந்தத் தம்பிகிட்ட வேணா நான் சொல்றேன். ரொம்பத் தங்கமான மனுசன். போயிட்டு ஆடிக்கு வா. ஏரிக்கரையில மேளம் வெச்சு, மாலை போட்டு, ஜம்முனு கூட்டிட்டு வர்றோம்."

மாதவராஜ் ஸ்க்ரூ டிரைவரை மறுபடி கையில் எடுத்தார். பிறகு கேட்டார்: "மாலை யாருங்க போடறது?"

மாதையன் திகைத்துப்போனார். கமிட்டியில் யாரும் இதை யோசிக்கவில்லை என்பது அவர் முகத்தில் தெரிந்தது. தெருவைப் பார்த்தார். ஃபிளெக்ஸில் கும்பிட்டுக்கொண்டிருந்த தன்னையே ஒருமுறை பார்த்தார்.

"அட ஆமா" என்றார். "நீ போயிட்டா ஊருக்குக் கலைஞன் இல்லாம போயிருமே."

"ஆமாங்க."

"அப்ப நீ இங்கயே இரு."

பெரிய பாரம் ஒன்று இறங்கியதுபோல அவர் எழுந்து வேட்டியைச் சரிசெய்துகொண்டார். வாசல் வரை போய்த் திரும்பினார்.

"அந்த ஜார் சுத்துதா?"

"சுத்துதுங்க" என்று மாதவராஜ் அதை எடுத்துக் கொடுத்தார்.