யானையைச் சொல்லாதவள்

மாரீஸ்வரி ஏன் கத்தவில்லை என்று யாராவது கேட்டால், அவள் புருஷன் வேல்முருகனிடம் பதில் தயாராக இருக்கும்.

"அன்னைக்கு மேட்டுக்காட்டுல ஆனை நின்னுச்சுல்லா? எவ வாயத் தொறப்பா?"

மூணாறு மலையில் சின்னக்கானல் பக்கம் இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. தேயிலைக்காட்டில் யானை நிற்கிறது என்று காவலுக்கு நிற்கும் வாட்சர் சொல்லிவிட்டால், கொழுந்து எடுக்கும் பெண்கள் இருமலைக்கூட முந்தானைக்குள் அடக்கிக்கொள்வார்கள். அதனால் எஸ்டேட் லயத்து வீடுகளில் எல்லாரும் தலையாட்டிவிட்டுப் போனார்கள். கேட்கக் கூடாததைக் கேட்கிறோம் என்ற கூச்சம் மட்டும் ஒருத்தருக்கும் வரவில்லை.

சூப்பர்வைசர் சதீஷ், பூச்சிமருந்து ஷெட்டைக் கூட்ட வேண்டும் என்று அவளைக் கூப்பிட்டுப்போய்ப் பலாத்காரம் செய்தான். கீழ்க்கோர்ட்டு அவள் வார்த்தையை நம்பித் தண்டனை கொடுத்தது. அவன் எறணாகுளம் ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டு, ஜாமீனும் வாங்கி, அவள் லயத்து வாசல் வழியாகவே பைக்கில் போய்வந்துகொண்டிருந்தான். அப்பீலில் ஜெயித்துவிட்டால் பழைய வேலை திரும்பக் கிடைக்கும். அவள் எடுத்த கொழுந்தை அவன்தான் நின்று நிறுப்பான். 

அரசாங்கச் செலவில் அவளுக்குக் கிடைத்த வக்கீல் அன்னமேரி மூணாறில் வளர்ந்தவள். பெரிய படிப்பைச் சுருக்கிச் சொல்லத் தெரிந்தவள்.

"அப்பீல்ல உங்களத் திரும்பக் கூண்டுல ஏத்த மாட்டாங்கக்கா. கீழ சொன்னதெல்லாம் எழுத்துல இருக்கு, அதப் படிச்சுத்தான் முடிவு பண்ணுவாங்க. சதீஷோட வக்கீல் ஒண்ணையே பிடிச்சுத் தொங்குறாரு. கூப்பிடு தூரத்துல அத்தன பொம்பளைங்க நின்னாங்களே, ஏன் சத்தம் போடலங்கிறாரு. நீங்க கீழ என்ன சொன்னீங்க?"

"தொண்ட அடைச்சுப்போச்சுன்னு சொன்னேன் மேடம்."

"ஆனை நின்னதச் சொல்லாம விட்டுட்டா மேடம்!" என்றான் வேல்முருகன். "நா தலைபாடா அடிச்சுக்கிட்டேன்."

அன்னமேரி நிமிர்ந்து உட்கார்ந்தாள். யானை ஏற்கனவே கேஸுக்குள் இருந்தது. சதீஷ் அன்று யானை விரட்டப் போயிருந்தான் என்று காட்ட, அவன் தரப்பே வாட்சர் வீரபாண்டியைச் சாட்சியாகக் கொண்டுவந்திருந்தது. குறுக்கு விசாரணையில் வீரபாண்டி, சதீஷ் நடுவில் எங்கோ போய்விட்டு வந்தான் என்று உளறியதில் அந்தக் கதை அடிபட்டுப்போனது. ஆனால் யானை நின்றதை யாரும் மறுக்கவில்லை.

"அப்போ ஆனைக்குப் பயந்துதான் கத்தலன்னு நான் வாதத்துல சொல்லிரலாம்க்கா."

"வேண்டாம் மேடம். ஆனை அப்ப என் நெனப்புலயே இல்ல. நெனப்பு வந்திருந்தா, அது வந்து அவன மிதிக்கட்டும்னு ஊரக் கூட்டியிருப்பேன். சத்தமே வரல. அவ்வளவுதான் நடந்துச்சு."

எறணாகுளத்திலிருந்து திரும்பும் பஸ் அடிமாலியைத் தாண்டியது. "கேஸு போச்சு போ" என்றான் வேல்முருகன். அவளுக்கும் அந்தப் பயம் இருந்தது. வாயைக் கொடுத்துக் கெடுத்துக்கொண்டோமோ என்று வீடு வந்து சேரும்வரை மனசு அடித்துக்கொண்டது.

அப்பீல் விசாரணையன்று சதீஷின் வக்கீல் வெகுநேரம் பேசினார். மானமுள்ள பெண் கத்தாமல் இருப்பாளா என்று கேட்டார். மானம் எந்த ஸ்தாயியில் கத்தும் என்பது அவருக்குத் தெரியும்போல. அன்னமேரியின் முறை வந்தபோது, "குரல் எழவில்லை என்று அவள் சொன்னாள். அதற்கு மேல் அவள் ஒன்றும் சேர்க்கவில்லை, நானும் சேர்க்கவில்லை" என்று சொல்லி உட்கார்ந்துவிட்டாள்.

தீர்ப்பு நாளில் தண்டனை உறுதியானது. கோர்ட்டு வராந்தாவில் ஒரு தூணோரமாக நிறுத்தி, போனில் வந்திருந்த தீர்ப்பை அன்னமேரி தமிழில் சொன்னாள். சட்டப்படி அதில் மாரீஸ்வரியின் பெயர் இல்லை. ஒன்றாம் சாட்சி என்றுதான் இருந்தது.

"பயத்துல குரல் எழாமப் போறது இயல்புதான், இப்படித்தான் கத்தியிருக்கணும்னு கோர்ட்டு அவளுக்கு விதி எழுத முடியாதுங்கிறாங்க. இன்னும் இருக்குக்கா, கேளுங்க. அன்னைக்கு அங்க ஆனை நின்னத எதிர்த்தரப்பு சாட்சியே சொல்லியிருக்கான். கத கட்டுறவளா இருந்தா, அதவிட வசதியான காரணம் கெடைக்காது. ஒன்றாம் சாட்சி அதத் தொடவே இல்ல. தனக்கு நடந்தத மட்டும் சொல்லியிருக்கா. அதனால அவ சொல் ஒண்ணே போதும்."

"கடைசில என்ன சொன்னீக மேடம்?"

"உங்க சொல் ஒண்ணே போதும்னு எழுதியிருக்காங்கக்கா."

மாரீஸ்வரி தூணைப் பிடித்துக்கொண்டாள். இத்தனை வருஷத்தில் முதல்முறையாக அவளுக்குத் தன்மேலேயே மரியாதை வந்தது. சந்தோஷம் தாங்காமல் கண்ணீர் வழிந்தது, அவள் துடைக்கவில்லை.

வேல்முருகன் முகமெல்லாம் சிரிப்பாக அருகில் வந்தான். "நாந்தான் அப்பவே சொன்னேன்லா? கடைசில அந்த ஆனைதான் நம்மளக் காப்பாத்திருக்கு."

அவள் திரும்பி அவனை நேராகப் பார்த்தாள்.

"முகம் தெரியாதவுக, நாஞ் சொன்னதப் படிச்சே நம்பிட்டாக. நீங்க எப்ப நம்புவீக?"