முப்பத்திரண்டாவது கோப்பை

1

இந்தக் கதை என் அதிகப்பிரசங்கித்தனத்தில் பிறந்தது. வெர்டெல் அக்கா சொல்லி உங்களுக்குத் தெரிவதைவிட, நானே முதலில் ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

அமெரிக்காவின் தெற்கு கரோலினாவில், எங்கள் கிறிஸ்தவ சபையின் ஆலயத்துக்குப் பின்னால், பைன் மரங்களுக்கிடையே எங்கள் கல்லறைத் தோட்டம். அடிமைகளாக இருந்தவர்கள் முதல் என் அப்பா வரை அங்கேதான். கல் வைக்க வசதி இருந்தவர்கள் நாலே பேர். மற்றவர்களுக்கு, அவர்கள் கடைசியாகக் குடித்த கோப்பையை உடைத்து, அவர்களைப் புதைத்த இடத்தின் மேல் வைப்போம். ஏன் உடைக்கிறோம் என்றால் [இங்கே ஒரு பக்க ஆராய்ச்சி இருந்தது, கிழித்துவிட்டேன்] முழுசாக வைத்தால் செத்தவர் அடுத்த ஆளையும் கூப்பிட்டுக்கொள்வார்.

2

முதல் தொடக்கம்: "விடியலில் பைன் மரங்கள் பெருமூச்சு விட்…" வேண்டாம். எங்கள் மரங்கள் அப்படியெல்லாம் செய்வதில்லை.

இரண்டாவது: "லூரீன் என்றொரு புத்திசாலி…" லூரீன் நான்தான். மீதி கற்பனை.

நேராகவே சொல்கிறேன். சபையின் நூற்றைம்பதாம் ஆண்டு விழாவுக்குக் கண்காட்சி வைக்க ஆசைப்பட்டேன். முப்பத்திரண்டு கோப்பைகளையும் பொறுக்கி, கழுவி, பசை போட்டு ஒட்டி, மேசையில் அடுக்கினேன். எது எங்கே இருந்தது என்று குறித்துவைக்கவில்லை. (நீங்கள் திட்டுவது கேட்கிறது. வரிசையில் வாருங்கள், உங்களுக்கு முன்னால் மொத்தச் சபையும் நிற்கிறது.)

என் பெரியம்மா மகள் வெர்டெல் அக்கா மேசையைப் பார்த்ததும் நெஞ்சில் கை வைத்தாள்.

"அடிப்பாவி, ஒட்டிட்டியேடி! முப்பத்திரண்டு பேரும் இப்ப ஆள் கூப்பிடுவாங்க. எனக்கு முட்டி வலி வேற, ஓடக்கூட முடியாது."

"என்னைத்தான்க்கா முதல்ல கூப்பிடுவாங்க."

"உன்னை வச்சுக்கிட்டு அங்க என்ன பண்ணுவாங்க?"

3

சிரிப்பு அன்றோடு போயிற்று. சாலையை அகலப்படுத்த அளவெடுப்பவர் வருவதாகக் கடிதம் வந்தது. கல்லறை அடையாளம் தெரிகிற இடம்வரை விட்டுவிட்டு, மீதியில் தார் போடுவார்களாம். மேடுகள் எப்போதோ தரையோடு தரையாகிவிட்டன. கோப்பைகளும் போனதால், இப்போது தெரிவது நாலு கல்தான்.

என் அப்பாவுக்குக் கல் இல்லை. அவர் மேல் லாரி ஓட நானே வழி செய்து கொடுத்திருந்தேன். அப்பா எனக்கு… [இந்த வாக்கியத்தை மூன்று முறை தொடங்கிவிட்டேன். இப்படியே கிடக்கட்டும்.]

அளவெடுப்பவரை வில்லனாக்கவும் பார்த்தேன். அவரோ தொலைபேசியில் அத்தனை பணிவாகப் பேசினார். கதைக்கு உதவாத மனிதர்.

4

ஞாயிறு ஆராதனை முடிந்ததும் எல்லோரும் மேசையைச் சுற்றிக்கொண்டார்கள்.

"இது லூசியஸ் மாமாவோடது. விளிம்புல பல்லு பட்டிருக்கு பாரு. சர்க்கரை பத்தலேன்னா கடிப்பாரு."

"இது ஆர்தீலியா சித்தியோடது. இதுல காபியே ஊத்தினதில்ல, விஸ்கிதான்."

"சபைக்குள்ள நின்னு பேசுற பேச்சா இது? அவங்க காதுல விழப் போவுது!"

"விழட்டும். என் பங்கையும் சேத்துக் குடிச்சவங்கதானே!"

ஒவ்வொன்றாக, பெரியவர்கள் நினைவிலிருந்து காட்டிய அவரவர் இடத்துக்கு எடுத்துப்போய்ச் சுத்தியலால் உடைத்து வைத்தோம். அப்பாவுடையது பச்சைக் கோடு போட்டது. நல்ல பசை வாங்கியிருந்தேன், மூன்று அடி தேவைப்பட்டது. ஒவ்வொரு அடிக்கும் அழுதேன்.

முப்பத்தொன்று முடிந்தது. வாத்துப் படம் போட்ட ஒரு சின்னக் கோப்பை மட்டும் மிஞ்சியது. ஏதோ ஒரு குழந்தையுடையது. யாருடைய குழந்தை, எங்கே படுத்திருக்கிறது, ஒருவருக்கும் தெரியவில்லை.

5

முடிவு அ: பழைய பைபிளுக்குள் அந்தக் குழந்தையின் பெயர் கிடைக்கிறது. (எல்லாப் பைபிளையும் உதறிப் பார்த்தாயிற்று.)

முடிவு ஆ: அளவெடுப்பவர் கண்கலங்கித் திரும்பிப்போகிறார். (சினிமா.)

நடந்தது இதுதான். வெர்டெல் அக்கா தோட்டத்தின் கோடியில், சாலை வரப்போகும் இடத்தையும் தாண்டி நிற்கும் கடைசிப் பைன் மரத்தைக் காட்டினாள்.

"அங்க வை. பிள்ளைன்னா ஓடியாட இடம் வேணும்ல?"

"அது பொய்யில்லையாக்கா?"

"அங்க இல்லேன்னு நீ பாத்தியா?"

நான் பார்க்கவில்லை. அங்கே வைத்தால் கல்லறை அதுவரை என்றாகிவிடும், சாலை வளைந்துதான் போக வேண்டும். அந்தக் குழந்தை நடுவில் எங்கே படுத்திருந்தாலும் தப்பித்துவிடும்.

நாளைக் காலை அளவெடுப்பவர் வருகிறார். ஒருமுறை கெடுத்த கை என்னுடையது, அதை நான் நம்பவில்லை. கோப்பையைப் பிடியுங்கள். நான் திரும்பி நின்றுகொள்கிறேன். எங்கே வைக்கிறீர்கள் என்று பார்க்க மாட்டேன், யார் கேட்டாலும் சொல்ல மாட்டேன்.

ஆனால் முதலில் உடைத்துவிடுங்கள். முழுசாக வைத்தால் அந்தக் குழந்தை விளையாட உங்களைத்தான் கூப்பிடும்.