ரத்த சொந்தத்தில் ஒரு கையெழுத்து

"இன்னைக்கு வாய்தாவுக்கு நீ வரவேணாம்டா. சமாதானமாப் போயிடலாம். வக்கீல்கிட்டயும் சொல்லிட்டேன்" என்று போன் செய்தவர் மாமா, என் அக்கா புருஷன். என்மேல் செக் பவுன்ஸ் கேஸ் போட்டவரும் அவரேதான். வாங்கிய கடனை அடைத்த பிறகும், நம்பிக்கைக்காகக் கொடுத்திருந்த செக்கைத் திருப்பித் தராமல் பேங்கில் போட்ட புண்ணியவான். என் கடை இருக்கும் இடத்தின்மேல் அவருக்கு ரொம்ப நாளாகக் கண். அந்த ஆள் பேச்சை நம்பி, கார் சீட்டுக்கு உறை தைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன் பாருங்கள், என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும். கோர்ட்டில் என்னைக் கூப்பிட்டபோது, "ஆள் தலைமறைவுங்க ஐயா" என்று கைகட்டிச் சொல்லியிருக்கிறார். பிடிவாரண்ட் வந்துவிட்டது.

"இன்னைக்கு சரண்டர் ஆயிடுங்க. வாரண்டை ரத்து பண்ணி ஜாமீன் கேப்போம்" என்றார் மறுநாள் என் வக்கீல். "ஜாமீன் கையெழுத்துக்கு ரெண்டு பேர் வேணும். ஒருத்தர் ரத்த சொந்தமா இருக்கணும். இந்த ஜட்ஜ் அதுல ரொம்ப கறார். ஆள் இல்லேன்னா சாயங்காலம் ஜெயில்தான்."

பக்கத்துக் கடை மெக்கானிக் ஒருவர் ஆயிற்று. ரத்த சொந்தத்துக்குச் சித்தப்பா சம்பளச் சான்றோடு காலையிலேயே வந்து நின்றார். வக்கீல் அவர் பெயரை எழுதப் பேனாவை எடுத்தார். அப்போதுதான் எனக்கு அந்த எண்ணம் வந்தது. ஜாமீன் போடுகிறவரை எதிரே நிறுத்தி, "இவர் உங்களுக்கு என்ன வேணும்?" என்று ஜட்ஜ் எல்லோர் காதிலும் விழக் கேட்பார். நான் உள்ளே போவதை வேடிக்கை பார்க்க மாமாவும் அங்கேதான் இருப்பார். அந்த மூஞ்சியை நினைத்ததுமே எனக்கு வயிறு குளிர்ந்தது.

"சித்தப்பா வேணாம் சார். அக்கா வருவா."

"யோவ், அது அந்த ஆளோட பொண்டாட்டிய்யா! குடும்பத்துல குண்டு வைக்கிறியா?"

"ஆமா சார். அவர் எனக்கு வெச்சாரே!"

சித்தப்பாவை வீட்டுக்கு அனுப்பினேன். "புத்தி கெட்டுப்போச்சாடா உனக்கு?" என்று முனகிக்கொண்டே போனார். பிறகு அக்காவுக்குப் போன் செய்தேன். ஆஸ்பத்திரி லேப்பில் வேலை பார்க்கிறாள். "அக்கா, ஜாமீன் போட யாருமே வரமாட்டேங்குறாங்க. சாயங்காலம் உள்ள தள்ளிடுவாங்க" என்று குரலைக் கொஞ்சம் உடைத்துக்கொண்டு சொன்னேன். நடிப்பு நன்றாகவே வந்தது.

அவள் ஆபீஸில் கெஞ்சிச் சம்பளச் சான்றை வாங்கிக்கொண்டு, லேப் கோட்டைக்கூடக் கழற்றாமல் ஓடி வந்தாள். அவள் உள்ளே நுழைந்ததும் மாமா ஆட்டிக்கொண்டிருந்த கால் நின்றுவிட்டது.

"இவர் உங்களுக்கு என்ன வேணும்மா?"

"கூடப் பிறந்த தம்பிங்க."

மாமாவின் வக்கீல் துள்ளி எழுந்தார். "ஐயா, இவங்க கேஸ் போட்டவரோட மனைவி!"

ஜட்ஜ் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். "தெரிஞ்சுதான் கையெழுத்துப் போடுறீங்களா?"

"தெரியுங்க. இவன் ஓடமாட்டான். அன்னைக்கு இவனை வரவேணாம்னு எங்க வீட்டுக்காரர் போன் பண்ணப்போ நான் பக்கத்துலதான் இருந்தேன். நானும் சமாதானம்னுதான் நம்பினேன்."

பின்வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மாமா முகத்தில் ஈயாடவில்லை. ஐயோ, எனக்கு அங்கேயே விசில் அடிக்கலாம் போலிருந்தது! வாரண்ட் ரத்தாயிற்று, ஜாமீனும் கிடைத்தது.

வெளியே வந்ததும் மாமா நேராக அக்காவிடம் போனார். என்னைத் திரும்பியே பார்க்கவில்லை.

"வீட்டுச் சாவியக் குடு."

"என்னங்க..."

"குடுடி. இனிமே அந்தப் பக்கம் வராத. தம்பியையே கட்டிக்கிட்டு அழு."

அக்கா பையைத் துழாவிச் சாவியை எடுத்துக் கொடுத்தாள். அவர் வண்டியைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார்.

"அக்கா, நீ வந்திருக்கவே வேணாம்..." என்று ஆரம்பித்தேன்.

"போடா லூசு" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "வராம எப்படிடா இருப்பேன்? என்னை விட்டா உனக்கு வேற யாரு இருக்கா?"