உயிருள்ளவளின் மடிப்பு

“அம்மா, நேற்றைக்குச் செத்துப்போன ஆச்சி இண்டைக்கு எப்பிடித் திரும்ப வந்தவ?”

பழைய ஜப்பானியப் படங்களையும் தொடர்களையும் பார்த்துக்கொண்டிருந்த இமெல்டாவிடம் மகள் நிலூஜா ஒருநாள் இப்படிக் கேட்டாள்.

“அவ நடிகையடி. எத்தினை தரம் செத்தாலும் திரும்ப வருவா.”

அந்த நடிகை ஃபுயுகோ. பதினாறு வயதில் கதாநாயகியாக வந்தவரை முப்பத்தைந்தில் தாயாக்கினார்கள், ஐம்பதில் மாமியாராக்கினார்கள். பிறகு தொலைக்காட்சித் தொடர்களில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் நோயாளிக் கட்டிலும் சவப்பெட்டியும்தான். இப்போது எழுபத்தெட்டு வயதில் ஒஸ்லோவில் ஒரு தொடருக்கு அழைத்திருந்தார்கள். பிள்ளைகள் தடுத்தும் கேளாமல் கலியாணம் செய்துகொள்ளும் கிழவி வேடம்.

முன்பக்கத்தை ஒன்றன்மேல் ஒன்றாக மடித்துக் கட்டும் ஜப்பானிய உடுப்பான கிமோனோவை அவருக்கு உடுத்திவிடும் வேலை இமெல்டாவுக்கு. ஒஸ்லோவுக்குப் பக்கத்து லோறென்ஸ்கூக்கில் தையல் வேலை செய்தவளுக்கு இதுதான் முதல் படப்பிடிப்பு. சரியாகச் செய்தால்தான் அடுத்தது கிடைக்கும். ஆட்கள் நடமாடும் காட்சிகளில் அவளுக்கு மடிப்புப் பிடிபடவில்லை. ஒரு காட்சியில் ஃபுயுகோ அசையாமல் படுத்திருந்தார். படத்தை அங்கேயே நிறுத்திவைத்து, வலது பக்கத்தை மேலே மடித்துக் கட்டப் பழகிக்கொண்டாள்.

உடுப்பு அணியும்போது கண்ணை மூடி வசனத்தை மனத்துக்குள் ஓட்டுவது ஃபுயுகோவின் வழக்கம். படப்பிடிப்பு நாளன்றும் அப்படியே நின்றார். கலியாணக் காட்சி மதியத்துக்குள் முடிந்தது. எடுத்ததைத் திரையில் பார்த்தவர் நேரே போய்க் கதிரையில் உட்கார்ந்துவிட்டார். காரணத்தைக் கேட்டறிந்துகொண்டு, விளக்குகளைக் கவனிக்கும் லதீசன் ஓடிவந்தான்.

“இமெல்டாக்கா, என்ன செய்தனீங்கள்? வலதுபக்கம் மேலை வாறது செத்தாக்களுக்குத்தானாம். மனிசியைப் பிரேதமாக்கிப்போட்டீங்கள்!”

இமெல்டாவுக்கு அப்போதுதான் விளங்கியது. அவள் பார்த்துப் பழகியது சாவுக் காட்சி.

“நோர்வேயில் யாருக்குத் தெரியப்போகிறது?” என்றாள் இயக்குநர் நோரா. “மண்டபத்தை வாடகைக்கு எடுத்தது நாலு மணிவரைதான். அடுத்த காட்சிக்குப் போவோம்.”

“எனக்குத் தெரியும்,” என்றார் ஃபுயுகோ. “இருபது வருடமாகச் சாகச் சொல்லித்தான் சம்பளம் தந்தார்கள். நானும் செத்துக் காட்டினேன். இன்றைக்கு நான் மணப்பெண். பிணக்கோலத்தில் கலியாணம் செய்யமாட்டேன். வேண்டுமென்றால் கதிரையோடு தூக்கிக்கொண்டு போங்கள்.”

“ஆச்சி லேசுப்பட்ட ஆளில்லை,” என்று முணுமுணுத்தான் லதீசன்.

நோராவின் முகம் சிவந்தது. “யார் உடுத்தியது?”

இமெல்டா வாய் திறக்குமுன் ஃபுயுகோ கையை உயர்த்தினார். “அறுபது வருடமாக இதை உடுத்துகிறவள் நான். கண்ணைத் திறந்து பார்க்காதது என் பிழை. ஏசுவதென்றால் என்னை ஏசு. ஏசி முடிந்ததும் கமராவைத் தயார் செய்.”

அது பொய்யில்லை. ஆனால் இன்னொருத்தியின் சுமையையும் சேர்த்துத் தூக்கிக்கொண்ட உண்மை.

நோரா கடிகாரத்தைப் பார்த்தாள், கதிரையைப் பார்த்தாள். கடைசியில் தலையாட்டினாள். இமெல்டா இடது பக்கத்தை மேலே கொண்டுவந்து கட்டினாள். இம்முறை ஃபுயுகோ கண்களை மூடவில்லை.

“பயப்படாதே, இறுக்கிக் கட்டு. இந்த வயதில் மாப்பிள்ளை கிடைப்பது லேசா?”

நாலு மணிக்குச் சற்று முன்னால் அவர் ஒரே தடவையில் நடித்து முடித்தார். இமெல்டா நன்றி சொல்லப் போனபோது கையை வீசி, “நாளைக்கு நேரத்துக்கு வா,” என்று மட்டும் சொல்லிப் போய்விட்டார்.

எல்லோரும் கலைந்த பிறகு இமெல்டா உடைகளை ஒழுங்குபடுத்தினாள். பெருவிரல் தனியே பிரிந்த ஃபுயுகோவின் வெள்ளைக் காலுறைகள் குதிக்காலில் தேய்ந்து ஓட்டையாகியிருந்தன. மெல்லிய நூல் கோத்து, முடிச்சு காலில் உறுத்தாதபடி அவற்றை நிதானமாகத் தைத்தாள். கிடந்த இடத்திலேயே திரும்ப வைத்தாள். நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டு விளக்கை அணைத்தாள்.