சொந்தக் கற்பனை

மதலேனாள் நடித்த படங்கள் வில்லியனூர்ப் பக்கம் தலைகாட்டியதே இல்லை. பாட்டு கிடையாது, சண்டை கிடையாது. நாலு சிநேகிதர்கள் சேர்ந்து இரவல் கேமராவில் எடுத்த கறுப்பு வெள்ளைச் சிரிப்புப் படங்கள். மெட்ராஸில் ஃபிலிம் சொசைட்டிக்காரர்கள் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்ப்பார்கள். அதுவரைக்கும் அவள் தப்பித்தாள்.

எழுபத்தெட்டில் லூர்து மாதா திருவிழாவுக்கு அவள் ஊருக்கு வந்தபோது, டென்ட் கொட்டாய் கௌஸ் பாஷா, ‘நம்ம ஊர்ப் பொண்ணு நடித்த படம்’ என்று போஸ்டர் ஒட்டி வைத்திருந்தார். பார்த்ததுமே அதைக் கிழித்துப் போட அவளுக்குக் கை நீண்டது.

காரணம், அவளுடைய அக்கா. அந்தோணி மேரிக்குச் சின்ன வயதில் இளம்பிள்ளை வாதம் வந்து இடது கால் சூம்பிவிட்டது. முழங்காலில் கையை ஊன்றி, இடுப்பை ஒரு வெட்டு வெட்டி, இழுபடும் புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடப்பாள். தாயில்லாத தங்கையை அவள் தூக்கி வளர்த்ததும் அந்த நடையில்தான். முதல் படத்தில் மதலேனாளுக்கு வேலைக்காரி வேஷம். சிரிப்பே வரவில்லையே என்று டைரக்டர் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தபோது, சும்மா அக்கா மாதிரி நடந்து காட்டினாள். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அப்புறம் எந்தப் படமானாலும் அந்த நடை வேண்டும் என்றார்கள். எங்கே பிடித்தீர்கள் என்று பத்திரிகைக்காரர்கள் கேட்டால், “என் சொந்தக் கற்பனை” என்பாள். கூசாமல் சொன்னாள், அதுதான் கொடுமை.

“படம் நல்லாருக்காதுக்கா, வேணாம்” என்று இப்போது கெஞ்சிப் பார்த்தாள்.

“போடி. ஊரே பாக்குது, நான் பாக்கக் கூடாதா?” மேரி பட்டுப்புடவை கட்டிக்கொண்டு, தெருப் பெண்களையும் கூட்டிக்கொண்டு முதல் ஆட்டத்துக்கே கிளம்பிவிட்டாள்.

திரையில் தங்கை முகம் தெரிந்ததும் மேரிதான் முதலில் கைதட்டினாள். பிறகு தங்கை நடந்தாள். கொட்டாயே அதிர்ந்தது. “ஐயோ, நம்ம மேரிக்கா மாதிரியே...” என்று ஆரம்பித்த ஒருத்தி பாதியில் வாயைப் பொத்திக்கொண்டாள். தட்டுவதற்குத் தூக்கிய மேரியின் கை மெல்ல மடியில் இறங்கியது. மதலேனாளுக்கு அந்த மணலிலேயே புதைந்துபோகலாம் போலிருந்தது.

படம் முடிந்தும் மேரி எழுந்திருக்கவில்லை. “எல்லாரும் போவட்டும். நீ போ, வரேன்” என்றாள்.

வாசலில் கூட்டம் மதலேனாளைச் சூழ்ந்துகொண்டது. மதகடிப்பட்டிலிருந்து வந்திருந்த ஒருவன் முண்டியடித்து முன்னால் வந்தான். அவனுக்கு மேரியைத் தெரியாது.

“யக்கா, ஒரு தபா நடந்து காட்டுக்கா! இத எங்க கத்துக்கின?”

உண்மையைச் சொன்னால் வெளியூர்க்காரனும் அக்காவின் காலைத் தேடுவான். சொல்லாமல் விட்டால் அது துரோகம். அவள் தவித்துக்கொண்டிருக்கும்போதே பழகிய வாய் முந்திக்கொண்டது.

“நானா யோசிச்சதுதான்பா.”

சொல்லிவிட்டுத் திரும்பினாள். கொட்டாய்க் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு மேரி நின்றிருந்தாள்.

“நல்லாதான் யோசிச்சிருக்க” என்றாள்.

வீட்டுக்குப் போகும்போது மதலேனாள் சிறுவயதுப் பழக்கத்தில் அக்காவுக்குப் பின்னாலேயே நடந்தாள். கொஞ்ச தூரம் போனதும் மேரி நின்றுவிட்டாள்.

“நீ முன்னால போடி” என்றாள். “நீ பின்னால வந்தா எனக்கு நடக்க வரல.”