ஒட்டுச் சிரிப்பு

வாராவாரம் டிவியில் அரசாங்கத்தைக் கிழிகிழியென்று கிழித்து ஊரைச் சிரிக்க வைப்பதுதான் ஹேசலுக்குச் சோறு போட்ட வேலை. வசனமெல்லாம் அவள் எழுதுவது. கிழிபட்டவர்களில் ஒருத்தருடைய நாற்காலியாவது ஆடியதா என்றால், அதுதான் கிடையாது. அதைப் பற்றி அவளும் பெரிதாகக் கவலைப்பட்டதில்லை, அப்பா ஆல்ஃப் பஸ் நிறுத்தத்தில் வழுக்கி விழுந்து இடுப்பை முறித்துக்கொள்ளும்வரை.

வார்டில் இடமில்லையாம். கிழவரை லண்டன் ஆஸ்பத்திரி நடைபாதையில், காப்பி மெஷினுக்குப் பக்கத்தில், தள்ளுகட்டிலில் போட்டிருந்தார்கள். அந்த வாரம் பார்த்து சுகாதார அமைச்சர், ஆஸ்பத்திரி நடைபாதையில் இனி ஒரு நோயாளிகூடக் கிடையாது என்று அறிவித்தார். ஹேசல் உட்கார்ந்து அதை வைத்தே ஒரு ஜோக் எழுதினாள்.

வியாழக்கிழமை ஒளிப்பதிவில் தொகுப்பாளர் அதை வாசித்தார்: "அமைச்சர் சொன்னது நிஜந்தாங்க. நடைபாதைக்கே வார்டுன்னு பேர் வச்சுட்டாங்க."

அரங்கில் ஒருத்தர்கூடச் சிரிக்கவில்லை. முன்வரிசையில் ஒரு பெண் உதட்டைக் கடித்துக்கொண்டாள். அங்கே இருந்த எல்லாருக்கும் ஏதோ ஒரு ஆஸ்பத்திரி நடைபாதையில் சொந்தத்தில் ஒரு ஆள் கிடந்திருக்க வேண்டும். இத்தனை வருஷத்தில் இப்போதுதான் ஹேசல் எழுதியதில் ஒன்று தைத்திருக்கிறது.

"அந்த அமைதிய அப்படியே விட்டுடு, ஜூலியன்," என்று எடிட்டிங் அறையில் தயாரிப்பாளரிடம் கெஞ்சினாள். "அமைச்சரும் பாப்பாரு. சிரிப்பில்லாம ஒரு தடவையாவது கேக்கட்டும்."

"பாக்குறவன் டிவி ரிப்பேர்னு நெனச்சு சேனல மாத்திடுவான். நாம நடத்துறது காமெடி, இழவு வீடில்ல."

"எங்கப்பா அங்க கெடக்காரு."

"தெரியும். பாவந்தான்," என்றான் அவன். கை மட்டும் நிற்கவில்லை. அமைச்சர் வீட்டு நாய் கம்பளத்தை நனைத்த ஜோக்குக்கு அன்று அரங்கில் விழுந்த சிரிப்பை எடுத்து இங்கே ஒட்டினான். கச்சிதமாகப் பொருந்தியது, பாவி.

மறுநாள் சாயங்காலம் நிகழ்ச்சி ஒளிபரப்பாகுமுன்பே ஆல்ஃப் அக்கம்பக்கத்துக் கட்டில்களுக்கெல்லாம் சொல்லிவைத்திருந்தார். "எம் பொண்ணு நம்மளப் பத்தி எழுதியிருக்கா, பாருங்க."

ஹேசல் போனை அவர் நெஞ்சின்மேல் சாய்த்துப் பிடித்தாள். முடிந்தவர்கள் எக்கிப் பார்த்தார்கள். அந்த வரி வந்தது. நாய்க்கு விழுந்த சிரிப்பு, கைதட்டலோடு, நீளமாக ஓடியது. பக்கத்துக் கட்டில் அம்மாள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

ஆல்ஃப் மகளை நிமிர்ந்து பார்த்தார்.

"யாரும்மா அது, நம்மளப் பாத்துச் சிரிக்கிறது?"